அச்சகம் வரை போன நிறம்: லூயீஸ் டால்-வுல்ஃப்

லூயீஸ் டால்-வுல்ஃப் 1936-ஆம் ஆண்டு நியூயார்க்கின் ஹார்ப்பர்ஸ் பஜார் இதழுக்குப் படமெடுக்கத் தொடங்கியபோது அவருக்கு நாற்பது வயது. இளமையை விற்றுப் பிழைக்கும் ஆடையலங்காரத் துறையில் அது ஒருவர் புதிதாக நுழைகிற வயதே அல்ல. ஆனால் அதன்பின் 22 ஆண்டுகள் அந்த இதழில் அவர் நிலைத்திருந்தார். 86 அட்டைப்படங்கள், ஏறத்தாழ 600 வண்ணப் பக்கங்கள், 2000-க்கும் மேற்பட்ட கறுப்பு வெள்ளைப் படங்கள் என்பது அந்த ஆண்டுகளின் கணக்கு. எனக்கு அவர்மீது மரியாதை வந்தது இந்த எண்ணிக்கையைப் பார்த்து அல்ல. கேமராவின் விசையை அழுத்தியதோடு புகைப்படக்காரரின் வேலை முடிந்தது என்று பலரும் நினைத்த காலத்தில், படம் காகிதத்தில் அச்சாகி வாசகியின் கைக்குப் போகும்வரை அது தன் பொறுப்பு என்று இவர் நினைத்தார். அந்தப் பிடிவாதம்தான் அவரை உயர்த்தியது. கடைசியில் அதே பிடிவாதத்தால்தான் அவர் வேலையை விட்டுப் போனார் என்றும் சொல்லலாம்.

1895 நவம்பர் 19 அன்று சான் பிரான்சிஸ்கோவில், நார்வேயிலிருந்து குடியேறிய பெற்றோருக்கு அவர் பிறந்தார். 1914-இல் அந்நகரின் கலைப் பள்ளியில் ஓவியம் கற்கச் சேர்ந்தார். உருவ வரைதல், உடற்கூறு, படத்தின் அமைப்பு என்ற வழக்கமான பாடங்களோடு, ருடால்ஃப் ஷேஃபர் என்ற ஆசிரியரிடம் நிறங்களைப் பற்றியும் ஆண்டுக்கணக்கில் படித்தார். ஒரு நிறம் தனியாக இருக்கும்போது ஒன்றாகவும், பக்கத்தில் வேறொரு நிறம் வந்து அமர்ந்ததும் இன்னொன்றாகவும் தெரியும். பச்சைக்கு அருகில் எரிகிற சிவப்பு, ஆரஞ்சுக்கு அருகில் அடங்கிப் போகும். இதைக் கண்ணால் பழகிக் கொள்ள நாட்கள் பிடிக்கும். பிற்காலத்தில் அவருடைய வண்ணப் பக்கங்களைப் பார்த்து வியந்தவர்கள் அதைப் பிறவித் திறமை என்று நினைத்திருக்கலாம். எனக்கு அது, இருபது வயதில் வண்ணக் கட்டிகளோடு உட்கார்ந்து பெற்ற பயிற்சியாகவே தெரிகிறது.

படித்து முடித்தவர் ஓவியராகவில்லை. மின்விளக்கு விளம்பரப் பலகைகளை வடிவமைக்கும் நிறுவனத்தில் வேலை பார்த்தார். புகைப்படத்தின் பக்கம் அவரைத் திருப்பியது 1921-இல் ஆன் பிரிக்மன் என்ற மூத்த புகைப்படக் கலைஞரைச் சந்தித்ததுதான். கலிஃபோர்னியாவின் சியரா மலைகளில், காற்றில் முறுகிய மரங்களுக்கும் பாறைகளுக்கும் நடுவே பெண்ணுருவங்களைப் படமெடுத்தவர் பிரிக்மன். அந்தப் படங்களைப் பார்த்த பிறகு லூயீஸுக்கு வேறெதிலும் மனம் ஓடவில்லை. கையில் பெரிய பணமில்லாத நிலையில், படங்களைப் பெரிதாக்கும் என்லார்ஜரைத் தானே செய்து கொண்டார். ஒரு தகர டப்பா, ஆப்பிள் வந்த மரப்பெட்டி, விளக்கின் ஒளியைத் திருப்பிவிடக் கிராடெல்லி சாக்லேட் பெட்டியின் ஒரு பகுதி ஆகியவைதான் அதன் பாகங்கள். கிராடெல்லி அந்த ஊரின் புகழ்பெற்ற சாக்லேட் என்பதால் பெட்டிக்குப் பஞ்சமிருந்திருக்காது. என்லார்ஜர் என்பது அடிப்படையில் எளிய பொருள்தான்: மேலே விளக்கு, நடுவே நெகட்டிவ், கீழே லென்ஸ், அதற்கும் கீழே ஒளி உணரும் தாள். ஆனால் விளக்கின் ஒளி நெகட்டிவ் முழுவதும் சமமாக விழாவிட்டால் படத்தின் நடுவில் வெளுப்பும் ஓரத்தில் இருட்டும் தட்டும். எனவே சாக்லேட் பெட்டிக்குக் கிடைத்த வேலை சாதாரணமானதல்ல.

1923-இல் நியூயார்க் சென்று கொலம்பியா பல்கலைக்கழகத்தில் உள்ளலங்காரம், வடிவமைப்பு, கட்டடக்கலை ஆகியவற்றைப் படித்தார். அந்த ஆண்டுகளைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. 1927-இல் தோழி கான்சுவேலோ கனாகாவுடன் இத்தாலிக்கும் வட ஆப்பிரிக்காவுக்கும் பயணம் போனார். கனாகா அப்போதே பத்திரிகைப் புகைப்படக்காரராகப் பெயர் பெற்றிருந்தவர். பின்னாளில் கறுப்பின அமெரிக்கர்களை எடுத்த படங்களுக்காகப் போற்றப்பட்டவர். துனீசியாவின் கைரவான் நகரில் மேயர் வுல்ஃப் என்ற அமெரிக்கச் சிற்பியை லூயீஸ் சந்தித்தார். எல்லோரும் அவரை மைக் என்றே அழைத்தார்கள். 1928-இல் இருவரும் மணந்து கொண்டார்கள். லூயீஸ் டால் என்ற பெயர் டால்-வுல்ஃப் ஆனது.

மைக் வுல்ஃபைப் பற்றி ஒரு வரியில் கடந்து போவது நியாயமாகாது. டால்-வுல்ஃபின் ஸ்டுடியோவில் மாடலின் பின்னால் தெரியும் திரைகளையும் அமைப்புகளையும் பல ஆண்டுகள் உருவாக்கிக் கொடுத்தவர் அவர். மனைவியின் பெயர் வளர்ந்த அளவுக்குத் தன் சிற்பங்களுக்குப் பெயர் வராததை அந்தக் காலத்து ஆண்கள் எளிதில் ஏற்றுக்கொள்ள மாட்டார்கள். இவரோ மனைவியின் படங்களுக்குப் பின்புலம் தீட்டினார். 1985-இல் மைக் இறக்கும்வரை அந்த மணவாழ்க்கை நீடித்தது.

1932-இல் இருவரும் மைக்கின் சொந்த மாநிலமான டென்னசியில், கிரேட் ஸ்மோக்கி மலைகளுக்கு அருகே தங்கினார்கள். அமெரிக்காவில் பெரும் பொருளாதார மந்தநிலை நிலவிய ஆண்டு அது. அங்கிருந்த மலைவாழ் மக்களை லூயீஸ் படமெடுத்தார். அவற்றில் ஒரு மலைப் பெண்ணின் உருவப்படம் 1933 நவம்பரில் வேனிட்டி ஃபேர் இதழில் வெளியானது. அச்சேறிய அவருடைய முதல் படம் அதுதான். 1937-இல் நியூயார்க்கின் நவீன கலை அருங்காட்சியகம் புகைப்படத்தின் வரலாற்றை முன்வைத்து நடத்திய பெரிய கண்காட்சியிலும் அந்தப் படம் இடம்பெற்றது. ஏழைகளைப் படமெடுத்தவர் பணக்காரர்களின் துணிமணிக்குப் போய்விட்டார் என்று இதை ஒரு சரிவாகச் சொல்லும் போக்கு உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த மலைப் பெண்ணின் முகத்தில் விழும் வெளிச்சத்தையும், பத்து ஆண்டுகள் கழித்து விலையுயர்ந்த கோட்டு அணிந்த மாடலின் கன்னத்தில் விழும் வெளிச்சத்தையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டிலும் ஒரே கைதான் தெரிகிறது: ஒரு பக்கத்திலிருந்து வரும் மெல்லிய ஒளி, கறுத்து மூடாத நிழல், கேமராவுக்காகச் சிரிக்காத முகம்.

1933-இல் நியூயார்க் திரும்பி, சொந்தமாக ஸ்டுடியோ தொடங்கினார். 1960 வரை ஏதோ ஒரு வடிவில் அதை அவர் விடவில்லை. உமன்ஸ் ஹோம் கம்பானியன் இதழுக்கும், சாக்ஸ் ஃபிஃப்த் அவென்யூ, பான்விட் டெல்லர் போன்ற பெரிய கடைகளுக்கும் படமெடுத்துக் கொடுத்தார். இந்தச் சொந்த ஸ்டுடியோவை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணமிருக்கிறது. இதழின் ஸ்டுடியோவில், இதழின் விளக்குகளுக்குக் கீழே, இதழின் உதவியாளர்களோடு வேலை செய்பவருக்கு ஒரு படத்தில் கிடைக்கும் அதிகாரமும், இதழாசிரியரே படியேறி வந்து பார்க்க வேண்டிய ஸ்டுடியோவை வைத்திருப்பவருக்குக் கிடைக்கும் அதிகாரமும் ஒன்றல்ல.

ஹார்ப்பர்ஸ் பஜாரின் அன்றைய நிலவரத்தையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். போட்டி இதழான வோக்கிலிருந்து 1932-இல் விலகி வந்த கார்மெல் ஸ்னோ, 1934-இல் பஜாரின் தலைமைப் பொறுப்பை ஏற்றார். அதே ஆண்டில் ரஷ்யாவிலிருந்து பாரிஸ் வழியாக வந்த அலெக்சி புரோடோவிச்சைக் கலை இயக்குநராக அமர்த்தினார். பக்கத்தில் படத்துக்கும் எழுத்துக்கும் இருக்கும் அதே மதிப்பு வெற்றிடத்துக்கும் உண்டு என்று அமெரிக்க இதழ்களுக்குக் கற்றுக் கொடுத்தவர் அவர். 1936-இல் டயானா வ்ரீலண்ட் சேர்ந்தார். எந்த ஆடை, எந்தப் பெண், என்ன தோரணை என்பதெல்லாம் அவருடைய கற்பனை. அதே 1936-இல் டால்-வுல்ஃபும் வந்தார். நான்கு பேருக்கும் தனித்தனியாகக் கடுமையான கருத்துகள் இருந்தன. ஆனால் ஒருவர் மற்றவரின் எல்லைக்குள் கை வைக்காமல் இருபது ஆண்டுகள் ஓட்டினார்கள். ஒரு பத்திரிகை அலுவலகத்தில் இது எவ்வளவு அரிது என்பது அங்கே வேலை பார்த்தவர்களுக்குத்தான் தெரியும்.

இனி வண்ணத்துக்கு வருகிறேன். 1930-களின் தொடக்கத்தில் இதழ்களில் வண்ணப்படம் என்பது பெரும் செலவும் பெரும் தொல்லையுமான காரியம். சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகளின் வழியாக ஒரே காட்சியை மூன்று கறுப்பு வெள்ளை நெகட்டிவ்களாகப் பிடித்து, பிறகு அவற்றை ஒன்றின்மேல் ஒன்று பொருத்த வேண்டும். வோக்கை நடத்திய காண்டே நாஸ்ட் நிறுவனத்தில் ஆன்டன் புரூலும் ஃபெர்னாண்ட் பூர்ஜேயும் 1932 முதல் இந்த முறையில் சிறப்பான பக்கங்களைக் கொண்டு வந்தார்கள். பஜார் அதற்கு ஈடு கொடுக்க வேண்டியிருந்தது. இந்தச் சமயத்தில்தான் கோடாக் நிறுவனம் கோடாக்ரோமைக் கொண்டு வந்தது. 1935-இல் சினிமாப் படச்சுருளாகவும், 1936-இல் சிறிய கேமராக்களுக்கும், 1938-இல் பெரிய கேமராக்களுக்கான தாள் வடிவிலும் அது வெளிவந்தது. ஒரே ஃபிலிமில் மூன்று அடுக்குகள். ஒரே சொடுக்கில் முழு வண்ணம். எட்டுக்குப் பத்து அங்குல ஃபிலிமைக் கழுவி எடுத்தால், ஒளிப்பெட்டியின் மேல் வைத்ததும் தேவாலயத்தின் வண்ணக் கண்ணாடிபோல் ஒளிரும்.

ஆனால் கோடாக்ரோம் தவறை மன்னிக்காது. அது மிக மெதுவான ஃபிலிம்; ஏராளமான வெளிச்சம் வேண்டும், இல்லாவிட்டால் மாடல் அசையாமல் நிற்க வேண்டும். ஒளி சற்றே கூடினால் நிறம் வெளுத்துவிடும். சற்றே குறைந்தால் நிழல்கள் சேறாகிவிடும். காலை ஒளியில் எடுத்தால் மஞ்சளும் மேகமூட்டத்தில் எடுத்தால் நீலமும் தோலில் ஏறும். அதைக் கழுவும் முறை சிக்கலானது என்பதால் புகைப்படக்காரர் தன் இருட்டறையில் எதையும் திருத்த முடியாது. கோடாக்குக்கே அனுப்பி, திரும்பி வருவதை ஏற்றுக்கொள்ள வேண்டியதுதான். சுருங்கச் சொன்னால், எல்லாவற்றையும் விசையை அழுத்துவதற்கு முன்னாலேயே முடிவு செய்துவிட வேண்டும். இருட்டறையில் சமாளித்துக் கொள்ளலாம் என்று பழகிய பலருக்கு இது பெரும் சங்கடமாக இருந்தது. காட்சியிலேயே நிறங்களை அடுக்கிப் பழகிய பழைய ஓவிய மாணவிக்கு இது கைவந்த வேலை.

அப்போதைய வண்ணப் பக்கங்களில் பலவற்றைப் பார்த்தால், வண்ணம் கிடைத்துவிட்ட மகிழ்ச்சியில் எல்லாவற்றையும் ஒரே சட்டகத்தில் கொட்டியதுபோல் இருக்கும். சிவப்பு ஆடை, நீலத் திரை, மஞ்சள் பூக்கள், அவற்றுக்கு நடுவே மூச்சு முட்டும் ஒரு பெண். டால்-வுல்ஃபின் பக்கங்களில் மணல் நிறம், சாம்பல், ஈரச் சுவரின் பழுப்பு, வெளுத்த பச்சை ஆகியவையே அதிகம் இருக்கும். அவற்றுக்கு நடுவே ஒரே ஓர் இடத்தில், உதட்டிலோ கையுறையிலோ தொப்பியின் நாடாவிலோ, ஒரு வலுவான நிறம் இருக்கும். கண் நேராக அங்கே போகும். பிறகு ஆடைக்குத் திரும்பும். விற்க வேண்டியது ஆடை என்பதை அவர் ஒருநாளும் மறந்ததில்லை. அதை மறக்காமலேயே படத்தைப் படமாகவும் வைத்திருந்தார்.

இதற்குப் பிறகு வருவதுதான் அச்சுக் கதை. ஒளிரும் ஃபிலிமை அப்படியே காகிதத்தில் கொண்டுவர முடியாது. பிளாக் செய்பவர்கள் அதை மஞ்சள், சிவப்பு, நீலம், கறுப்பு என நான்காகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் புள்ளிகளால் ஆன ஓர் உலோகத் தகட்டைத் தயாரிப்பார்கள். அந்தத் தகடுகளில் அமிலத்தைக் கொண்டு கையால் புள்ளிகளைச் சிறிதாக்கி நிறத்தைத் திருத்துவது தனிக் கலை. அந்தக் கலைஞர் மாடலை நேரில் பார்த்தவரல்லர். ஆடையின் துணியைத் தொட்டுப் பார்த்தவருமல்லர். அவருக்குத் தோன்றியபடி கன்னத்தில் கொஞ்சம் சிவப்பு கூட்டுவார், வானத்தில் கொஞ்சம் நீலம் கூட்டுவார். மூன்று வார உழைப்பு அங்கே அஞ்சலட்டைப் படமாகிவிடும். நம் ஊரில் நான்கு வண்ண அட்டைக்கு ப்ரூஃப், அதாவது சோதனை அச்சு, பார்த்த யாருக்கும் இந்த வயிற்றெரிச்சல் புதிதல்ல. டால்-வுல்ஃப் அந்த ப்ரூஃப்களைத் தனக்கு அனுப்பச் சொன்னார். ஃபிலிமைப் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டு, எங்கே எந்த நிறம் குறைய வேண்டும், எங்கே கூட வேண்டும் என்று குறித்துத் திருப்பி அனுப்பினார். இப்படி வண்ண ப்ரூஃபைத் திருத்தும் உரிமை அன்று புகைப்படக்காரர்களுக்குப் பொதுவாகக் கிடைக்காத ஒன்று. ஸ்னோ அதை அவருக்குக் கொடுத்தார். பக்கத்துக்குப் பக்கம் அது பலன் தந்ததால் தொடர்ந்து கொடுத்தார்.

ஸ்டுடியோவைவிட்டு ஆடையலங்காரப் படத்தை வெளியே கொண்டு வந்தவர் இவர்தான் என்று சில இடங்களில் எழுதியிருப்பார்கள். அது சரியல்ல. ஹங்கேரியிலிருந்து வந்த மார்ட்டின் முன்காட்சி, 1933-இலேயே பஜாருக்காக ஒரு பெண்ணைக் கடற்கரையில் ஓடவிட்டுப் படமெடுத்தார். வோக்கில் டோனி ஃப்ரிசெல் 1930-களின் தொடக்கத்திலிருந்தே வெளிப்புறத்தில் வேலை செய்தார். டால்-வுல்ஃபின் பங்கு வேறு. வெயில், மணல், கட்டடம் ஆகியவற்றின் நிறத்தையும் அவர் ஆடையின் நிறத்தோடு சேர்த்துக் கணக்கிட்டார். அரிசோனா பாலைவனத்தில் ஃபிராங்க் லாய்ட் ரைட் வடிவமைத்த வீட்டின் கற்சுவர், கிரானடாவின் அல்ஹம்ப்ரா அரண்மனை, துனீசியாவின் ஹம்மாமெட் கடற்கரை வீடு என அவர் போன இடங்கள் பல. 1950-இல், தானும் மைக்கும் முதலில் சந்தித்த அதே கைரவானுக்கு நத்தலி என்ற மாடலோடு போய், பாரிஸின் மதாம் கிரே வடிவமைத்த கோட்டைப் படமெடுத்தார். அயல்நாட்டுத் தெருவை ஆடைக்குப் பின்புலமாக்கும் இந்த வழக்கத்தின் மேல் இன்றைய வாசகருக்குச் சில கேள்விகள் எழும், எனக்கும் எழுகின்றன. அந்தத் தெருவில் வாழ்ந்தவர்கள் பெரும்பாலும் படத்தில் நிறமாகவும் நிழலாகவுமே வருகிறார்கள். டென்னசி மலையில் முகங்களுக்கு அவர் கொடுத்த கவனம் இங்கே இல்லை. அது இதழின் தேவையா, அவருடைய எல்லையா என்று பிரித்துச் சொல்வது கடினம்.

1940 ஜூனில் பாரிஸ் ஜெர்மானியர்களின் கைக்குப் போனதும், அங்கிருந்து ஆண்டுக்கு இருமுறை வந்து கொண்டிருந்த ஆடை வடிவங்கள் அமெரிக்காவுக்கு நின்று போயின. அதுவரை பாரிஸைப் பார்த்தே தைத்துக் கொண்டிருந்த நியூயார்க், தன் சொந்த வடிவமைப்பாளர்களைத் தேட வேண்டியதாயிற்று. கிளேர் மக்கார்டெல் போன்றவர்கள் பருத்தி, டெனிம், ஜெர்சி ஆகிய சாதாரணத் துணிகளில், வேலைக்குப் போகிற பெண் தானே அணிந்து, தானே துவைக்கக்கூடிய ஆடைகளைக் கொண்டு வந்தார்கள். 1942-இல் போர்க்காலத் துணிக் கட்டுப்பாடுகளும் வந்தன. இந்த ஆடைகளைப் பாரிஸ் கவுன்போல் பளிங்குப் படிக்கட்டில் நிறுத்திப் படமெடுத்தால் நகைப்புக்கு இடமாகியிருக்கும். டால்-வுல்ஃபின் படங்களில் அவற்றை அணிந்த பெண்கள் மணலில் கால் நீட்டிப் படுத்திருக்கிறார்கள், முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கிறார்கள், படிக்கிறார்கள். அமெரிக்க ஆடை என்று உலகம் பின்னால் எதை அடையாளம் கண்டதோ, அதற்கு முகம் கொடுத்தவர்களில் அவர் முதன்மையானவர்.

1943 மார்ச் மாத அட்டைப்படத்தைப் பற்றி எழுதாவிட்டால் இந்தக் கட்டுரையை யாரும் ஏற்க மாட்டார்கள். பெட்டி பக்கால் என்ற பதினெட்டு வயதுப் பெண்ணை வ்ரீலண்ட் டால்-வுல்ஃபின் ஸ்டுடியோவுக்கு அழைத்து வந்தார். செஞ்சிலுவைச் சங்கத்தின் இரத்ததான அறை என்று எழுதிய கண்ணாடிக் கதவின் முன்னால் அந்தப் பெண் நிற்கிறாள். கதவுக்குப் பின்னால் மங்கலாக ஒரு செவிலி. போரைப் பற்றிய விளம்பரமாகவும், ஆடையைப் பற்றிய விளம்பரமாகவும், ஒரு திரைப்படத்தின் முதல் காட்சியாகவும் ஒரே நேரத்தில் அது தோன்றுகிறது. பெண்ணின் பார்வை நம்மைக் கெஞ்சவில்லை. நம்மை எடை போடுகிறது. ஹாலிவுட் இயக்குநர் ஹோவர்ட் ஹாக்ஸின் மனைவி இந்த அட்டையைக் கணவரிடம் காட்டினார். அந்த ஆண்டிலேயே அந்தப் பெண் கலிஃபோர்னியாவுக்கு அழைக்கப்பட்டாள். 1944-இல் லாரன் பக்கால் என்ற பெயரில் நடிகர் ஹம்ஃப்ரி போகார்ட்டுக்கு இணையாகத் திரையில் தோன்றினாள். பக்காலைக் கண்டுபிடித்தவர் யார் என்ற பட்டியலில் பலர் இடம் கேட்கிறார்கள். அந்தப் பார்வையை அப்படியே விட்டுவைத்து, புன்னகைக்கச் சொல்லாமல் இருந்தவர் டால்-வுல்ஃப்.

பெண் என்பதால்தான் பெண்களை இப்படி எடுத்தார் என்று சொல்வது இன்று வழக்கமாகிவிட்டது. ஓரளவு உண்மை இருக்கலாம். ஆனால் அந்த ஒரே விளக்கம் எனக்குப் போதவில்லை. அதே காலத்தில் அதே இதழில் லிலியன் பாஸ்மனும் ஒரு பெண்தான். அவருடைய படங்களில் பெண்ணுருவம் மைத்தீற்றலாகக் கரைந்து, கழுத்தின் ஒரு வளைவும் கையுறையின் ஒரு கோடுமாக மிஞ்சும். டோனி ஃப்ரிசெலும் ஒரு பெண்தான். அவருடைய படங்களில் குதிப்பும் நீச்சலும் காற்றும் இருக்கும். வோக்கில் ஃபிரான்சஸ் மக்லாக்லின்-கில் தெருவின் இயல்பான நொடிகளைத் தேடினார். நான்கு பெண்கள், நான்கு வழிகள். டால்-வுல்ஃபின் வழி அமைதியானது. ஒரு சிற்பம் தன் எடையோடு நிற்பதுபோல் அவருடைய பெண்கள் நிற்பார்கள். வீட்டில் ஒரு சிற்பியோடு வாழ்ந்ததற்கும் இதில் பங்கு இருக்கும் என்பது என் ஊகம். எழுத்தாளர் கார்சன் மக்கல்லர்ஸ், முதுமையில் இருந்த பிரெஞ்சு எழுத்தாளர் கொலெத், இளம் திரைப்பட இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் ஆகியோரை எடுத்த உருவப்படங்களிலும் இதே நிதானத்தைக் காணலாம்.

போருக்குப் பிறகு பாரிஸ் மீண்டும் எழுந்தது. 1947 பிப்ரவரியில் கிறிஸ்டியன் டியோரின் முதல் தொகுப்புக்கு நியூ லுக் என்ற பெயரைச் சூட்டியவர் கார்மெல் ஸ்னோதான். டால்-வுல்ஃப் பாரிஸுக்கும் போய் ஆடைத் தொகுப்புகளைப் படமெடுத்தார். மேரி ஜேன் ரஸ்ஸல், சூசி பார்க்கர், ஜீன் பாட்செட் போன்ற மாடல்கள் அவருக்கு முன்னால் நின்றார்கள். ஆனால் காலம் மாறிக் கொண்டிருந்தது. பஜாரின் இளம் நட்சத்திரம் ரிச்சர்ட் அவெடன், பாரிஸின் இரவுகளையும் சர்க்கஸ் யானைகளையும் படத்துக்குள் கொண்டு வந்துவிட்டார். டால்-வுல்ஃபின் அமைதி சிலருக்குப் பழையதாகத் தோன்றத் தொடங்கியது.

1958-க்குள் எல்லாம் கலைந்துவிட்டது. ஸ்னோ ஓய்வு பெற்று, அவருடைய சகோதரரின் மகள் நான்சி வைட் ஆசிரியரானார். புரோடோவிச் விலகினார், எஸ்குவயர் இதழிலிருந்து ஹென்றி வுல்ஃப் கலை இயக்குநராக வந்தார். பெயர் ஒத்திருந்தாலும் மைக்குக்கும் அவருக்கும் எந்த உறவுமில்லை. ஒருநாள் டால்-வுல்ஃபின் ஸ்டுடியோவில் படப்பிடிப்பு நடந்து கொண்டிருந்தபோது, புதிய கலை இயக்குநர் அவருடைய கேமராவுக்குப் பின்னால் போய், உள்ளே தெரியும் காட்சியைக் குனிந்து பார்த்தார் என்றும், அதோடு டால்-வுல்ஃப் பஜாருக்கு முழுக்குப் போட்டுவிட்டார் என்றும் சொல்லப்படுகிறது.

இது அற்ப விஷயமாகத் தோன்றக்கூடும். பெரிய கேமராவில் பின்பக்கம் தேய்த்த கண்ணாடி ஒன்று இருக்கும். கறுப்புத் துணியால் தலையை மூடிக்கொண்டு பார்த்தால், லென்ஸ் வழியே வரும் காட்சி அதில் தலைகீழாகவும் இடம்வலம் மாறியும் தெரியும். புகைப்படக்காரர் அந்தத் தலைகீழ் உருவத்தில்தான் கைகளின் கோணத்தையும் நிறங்களின் எடையையும் சரிசெய்வார். ஃபிலிமைச் செருகியதும் கண்ணாடி மறைந்துவிடும். படம் பதியும் நொடியில் அவரும் எதையும் பார்க்க முடியாது. ஆகவே அந்தக் கண்ணாடி ஓவியரின் கித்தானைப் போல் அவருக்கு மட்டும் உரியது. ஸ்னோ அதில் எட்டிப் பார்த்ததில்லை, புரோடோவிச்சும் பார்த்ததில்லை. படத்தை எப்படி வெட்டலாம், எந்தப் பக்கத்தில் போடலாம், போடாமலே விடலாம் என்பதெல்லாம் அவர்களின் உரிமை. எடுக்கும்போது தலையிடுவது இல்லை. புதியவர் தவறான நோக்கத்தோடு பார்த்திருக்க வேண்டும் என்பதில்லை. அவர் தலைமுறையில் கலை இயக்குநர் என்பவர் படப்பிடிப்பையும் சேர்த்து வடிவமைப்பவராக மாறிக் கொண்டிருந்தார். டால்-வுல்ஃப் அந்த மாற்றத்தைப் புரிந்து கொண்டுதான் விலகினார் என்று நினைக்கிறேன். அறுபத்திரண்டு வயதில் அவருக்கு யாரிடமும் நிரூபிக்க எதுவும் மிச்சமில்லை. பிறகு வோக், ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட் ஆகியவற்றுக்குச் சில படங்கள் எடுத்துவிட்டு, 1960-இல் ஸ்டுடியோவை மூடினார்.

நியூஜெர்சி மாநிலத்தின் ஃப்ரெஞ்ச்டவுன் என்ற சிற்றூரில் மைக்கோடு நெடுநாள் வாழ்ந்தார். 1984-இல் தன் படங்களையும் நினைவுகளையும் சேர்த்து ஒரு நூல் வெளியிட்டார். 1989 டிசம்பர் 11 அன்று, 94-ஆம் வயதில், அதே மாநிலத்தில் இறந்தார். அவருடைய படங்களும் ஆவணங்களும் இன்று டூசானில், அரிசோனா பல்கலைக்கழகத்தின் புகைப்பட மையத்தில் பாதுகாக்கப்படுகின்றன.

அவருடைய படங்களைப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு ஒரு யோசனை. கண்காட்சிச் சுவர்களிலும் ஏலப் பட்டியல்களிலும் அவர் பெயரில் அதிகமாகக் காணக்கிடைப்பவை கறுப்பு வெள்ளைப் பிரதிகள். அவை அழகானவை, தாராளமாகப் பார்க்கலாம். ஆனால் வண்ணத்தில் அவர் முடித்த படைப்பு சுவரில் மாட்டும் பிரதி அல்ல, இதழின் பக்கம். திரையில் பார்க்கும்போது யாரோ ஸ்கேன் செய்தபோது ஏற்றிய நிறங்களும் சேர்ந்துவிடுகின்றன. ஒரே அட்டைப்படம் மூன்று தளங்களில் மூன்று விதமாகத் தெரிவதைக் கண்டிருக்கிறேன். வெளிநாட்டில் இருப்பவர்களோ, போய் வருபவர்களோ, 1938-க்கும் 1958-க்கும் இடைப்பட்ட பஜார் இதழ்களைத் தொகுத்து வைத்திருக்கும் பெரிய நூலகம் ஏதேனும் கண்ணில் பட்டால், உள்ளே போய் ஒரு தொகுதியைக் கேட்டு வாங்கிப் புரட்டிப் பாருங்கள். சன்னலோரம் உட்கார்ந்தால் நல்லது. குழல்விளக்கின் கீழ் அந்தப் பழுப்புகளும் சாம்பல்களும் ஒன்றோடொன்று கலந்துவிடும்.